இரவல் குரல்

எர்மெத்தே தொஃபனின் செத்துப்போனான்.
சவப்பெட்டிக்காரர் இரண்டு தடவை அளந்தாராம்,
முதல் தடவை தன் கண்ணையே நம்பாமல்.

ரோவிகோவில், மாதா கோயிலின் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன்.
அங்கே யாருக்கும் என்னைத் தெரியாது.
பதினேழு வருஷம் அவன் வாயிலிருந்து வந்ததெல்லாம்
என் தொண்டையிலிருந்து வந்தது.

நான் ஐந்தடி இரண்டங்குலம். மைக் எட்டாது.
ரோமில் அந்த டப்பிங் அறையில்
எனக்கென்றே ஒரு தக்காளிப் பெட்டி கிடந்தது.
அதன் மேல் ஏறி நின்று
ஆறடி ஏழங்குலத்தைப் பேசினேன்.
"தங்கம் எங்கே?"
"உன் எலும்பை எண்ணித் தருகிறேன், கிழவா."
"தீ வையுங்கடா."
பெரும்பாலும் இந்த மூன்றுதான்.
படத்துக்குப் படம் தொப்பி மட்டும் மாறும்.

அவனுடைய சொந்தக் குரலா?
கீச்சு.
போ ஆற்றுக் கழிமுகத்துப் பேச்சு,
ஒவ்வொரு சொல்லும் தண்ணீரில் ஊறி
வால் அறுந்து வரும்.
தயாரிப்பாளர் முதல் நாளே காதைப் பொத்திக்கொண்டார்:
யானைக்கு எலியின் தொண்டையை வைத்துத் தைத்தது யாரய்யா?

ஐம்பத்தொன்றில் ஆறு ஊருக்குள் வந்தது.
அவனுக்குப் பத்தொன்பது வயது.
கழுத்தளவுத் தண்ணீர்;
அவன் கழுத்தளவு, அதாவது மற்றவர்கள் தலைக்கு மேல்.
பதினொரு பேரையும் ஒரு தையல் மிஷினையும்
தோளில் சுமந்து கரை சேர்த்தான்.
மிஷினுக்குச் சொந்தக்காரியைக் கட்டிக்கொண்டான்.
இதை அவன் சொன்னதில்லை.
அவனை ரோமுக்கு ஏற்றிவந்த லாரிக்காரன் சொன்னான்.
படங்களில் கரை சேர்க்கிற காட்சி அவனுக்கு ஒன்றுகூட வரவில்லை.
தூக்குவான்,
எறிவதற்கு.

அல்மெரியாவின் பொட்டலில் ஒரு படம்.
கதாநாயகன் குள்ளம் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது,
ஆகவே எர்மெத்தே நிற்கிற இடத்தில் முழங்காலளவு குழி வெட்டினார்கள்.
அதில் இறங்கி நின்று அடி வாங்கினான்.
மூன்றாம் நாள் மண்வெட்டியை அவனே எடுத்துக்கொண்டான்,
குழி வெட்டும் பையனுக்கு உள்ளங்கையெல்லாம் கொப்புளம் என்று.

இது எனக்கு எப்படித் தெரியும்?
படப்பிடிப்பில் பதிவான சத்தம் ஒன்று உண்டு.
காற்று, குதிரை, டைரக்டரின் இருமல்.
ஊருக்குக் கேட்பதற்கில்லை,
நான் உதட்டசைவைப் பிடிப்பதற்கு மட்டும்.
காதில் மாட்டிக்கொண்டு இருட்டில் கேட்பேன்.
ஒவ்வொரு குத்துக்கும் பிறகு,
கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே,
உதடு அசையாமல், அந்தக் கீச்சு:
"வலிச்சுதா?"
புழுதியில் கிடப்பவன் சில சமயம் "இல்லை" என்பான்.
சில சமயம் "கொஞ்சம்".

என் தாளில் அந்த இடத்தில் எழுதியிருக்கும்:
சிரிப்பு, நீளமாக.
அடிவயிற்றிலிருந்து எடுத்துச் சிரிப்பேன்.
அதற்குத்தான் எனக்குச் சம்பளம்.
அந்தச் சிரிப்பைக் கேட்டு
பாலெர்மோவில் ஒரு குழந்தை
நாற்காலிக்கு அடியில் போய் ஒளிந்துகொண்டதாக
போஸ்டரிலேயே போட்டார்கள்.

பூசை முடிந்தது.
வெளியே போக வழியில்லை.
"கொஞ்சம் நகருங்கள்" என்றேன்.
முன்வரிசை மொத்தமும் திரும்பியது.
ஒரு சிறுமி மட்டும் என்னைப் பார்க்காமல்
பெட்டியைப் பார்த்தாள்.

ஒர்தென்சா வந்தாள்.
என் காதுவரை குனிந்து சொன்னாள்:
"நீங்கள்தானா.
தப்பாக நினைக்காதீர்கள், இங்கே பேச வேண்டாம்.
அந்தக் குரல் எனக்கு ஆகாது.
டிவியில் அவர் படம் வந்தால் சத்தத்தை அடைத்துவிடுவோம்.
பக்கத்தில் உட்கார்ந்து
அவரே பேசிவிடுவார்,
எல்லோருடைய வசனத்தையும்,
குதிரையினுடையது உட்பட."

தலையை ஆட்டினேன்.
மண் போட்டு முடிக்கும்வரை வாய் திறக்கவில்லை.

திரும்பும் ரயிலில், ஆளில்லாத பெட்டியில்,
ஒரே ஒரு தடவை முயன்று பார்த்தேன்:
வலிச்சுதா?

மிரட்டுவது போலத்தான் இருந்தது.